சூப்பர்ஹீரோவைச் சாகடிப்பது எப்படி? தியாகக் காட்சி எழுதுவோருக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

நண்பர்கள் எழுதும் சூப்பர்ஹீரோ கதைகளைப் படித்துக் கருத்துச் சொல்லும் வேலை எனக்கு அடிக்கடி வரும். சம்பளமில்லாத வேலை. பெரும்பாலான கதைகளில் கடைசிப் பத்துப் பக்கத்துக்குள் நாயகன் செத்துப்போவான். வானம் பிளக்கும், மழை கொட்டும், பின்னணியில் வயலின் அழும். எனக்கு மட்டும் ஒன்றும் ஆகாது. குற்றம் சொல்ல எனக்குத் தகுதி இல்லை. என் முதல் கதையில் நாயகன் ஒரு குண்டைத் தூக்கிக்கொண்டு நேராகச் சூரியனுக்குள் பறந்து போனான். படித்து முடித்த நண்பன் முகத்தில் சலனமே இல்லாமல் "சரி, அப்புறம்?" என்றான். அந்த ஒரு கேள்விக்குப் பதில் தேடித்தான் இந்தப் படங்களையெல்லாம் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன்.

கீழே வருவது அப்படிப் பார்த்துச் சேர்த்துக்கொண்ட எழுத்து முறை. திரைக்கதை, குறும்படம், காமிக்ஸ், ரசிகர் கதை எதற்கும் பொருந்தும். பல படங்களின் முடிவுகளைப் போட்டு உடைத்திருக்கிறேன். பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வருவது நல்லது.

படி 1: முதலில் வினைச்சொல்லை முடிவுசெய்யுங்கள்

உங்கள் கதையின் அந்தச் சாவை ஒரே வாக்கியத்தில் எழுதிப் பாருங்கள். வாக்கியம் எந்த வினையில் முடிகிறது? செத்தான், கொல்லப்பட்டான், பலியானான், உயிரைக் கொடுத்தான். தமிழில் இந்த நான்கும் நான்கு வேறு காட்சிகள்.

1978இல் வந்த 'சூப்பர்மேன்' படத்தில் வளர்ப்புத் தந்தை ஜோனதன் கென்ட் மாரடைப்பால் சாகிறார். இத்தனை சக்தி இருந்தும் மகனால் ஒன்றும் செய்ய முடியவில்லை என்பதுதான் அங்கே சேதி. 2002இன் 'ஸ்பைடர்மேன்' படத்தில் நாயகன் பீட்டரின் பென் மாமா கொல்லப்படுகிறார்; பீட்டர் தப்பவிட்ட திருடனாலேயே அது நடப்பதால் குற்றவுணர்ச்சி முளைக்கிறது. 2008இன் 'தி டார்க் நைட்' என்ற பேட்மேன் படத்தில் வில்லன் ஜோக்கர் முகவரிகளை மாற்றிச் சொன்னதால் நாயகன் புரூஸ் நேசிக்கும் ரேச்சல் பலியாகிறாள். மூன்றும் நல்ல காட்சிகள், மூன்றும் கதையை நகர்த்துகின்றன. ஆனால் ஒன்றுகூடத் தியாகம் ஆகாது. செத்தவர்கள் யாரும் தேர்ந்தெடுக்கவில்லை.

"கொடுத்தான்" என்று எழுதிவிட்டால் அந்த வினை உங்களிடம் மூன்று கணக்கைக் கேட்கும். கொடுத்தவன் யார், கொடுத்தது என்ன, யாருக்குக் கொடுத்தான். முதல் இரண்டையும் எல்லோரும் எழுதிவிடுகிறார்கள். 'யாருக்கு' என்ற இடத்தில்தான் "உலகத்துக்கு" என்று பொத்தாம்பொதுவாகப் போட்டுவிட்டு நழுவிவிடுகிறோம். என் சூரியக் கதையிலும் உலகத்துக்குத்தான் கொடுத்தான். உலகத்துக்கு முகம் கிடையாது, அதனால் படிப்பவனுக்கு அழுகையும் வராது.

படி 2: வாங்கிக்கொள்பவரை முதலில் எழுதுங்கள்

நாயகனின் கடைசி மூச்சை எழுதும் முன், அந்த உயிரை வாங்கிக்கொண்டு மிச்ச நாளை வாழப்போகிறவரை எழுதுங்கள். ஒருவர் போதும். அவர் பெயர், வயது, நாயகனோடு அவருக்கு இருக்கும் பழைய கோபம், கடைசியாக இருவரும் எதற்குச் சண்டை போட்டார்கள் என்பது வரை.

'கார்டியன்ஸ் ஆஃப் தி கேலக்ஸி' இரண்டாம் பாகம் (2017) இதற்கு அருமையான பாடம். யோண்டு நீலத் தோல்காரன், கடத்தல்காரன், ஒழுங்கான ஆளே இல்லை. படத்தின் நாயகன் பீட்டர் குயிலைச் சிறுவனாகத் தூக்கி வந்து வளர்த்தவன். வளர்த்த காலமெல்லாம் தின்றுவிடுவோம் என்று மிரட்டியே வைத்திருந்ததாகக் குயில் புலம்புவான். கடைசியில் விண்வெளிக்குத் தப்ப வேண்டிய நேரத்தில் இருப்பது ஒரே ஒரு பாதுகாப்பு உடை. யோண்டு அதைக் குயிலுக்கு மாட்டிவிட்டுத் தான் உறைந்து போகிறான். பின்னால் ஒரு கிரகமே வெடித்துக்கொண்டிருக்கிறது, நாம் அதைக் கவனிப்பதில்லை. 'பெற்றவன் அவனாக இருக்கலாம், உனக்கு அப்பன் அவன் இல்லை' என்று யோண்டு சற்று முன் சொன்னது மட்டும் காதில் நிற்கிறது. அத்தனை பெரிய க்ளைமாக்ஸை ஒரு வளர்ப்பு அப்பனுக்கும் மகனுக்கும் நடுவிலுள்ள ஓரடி இடைவெளிக்குள் கொண்டுவந்துவிட்டார்கள்.

படி 3: அவனுக்குச் சாக மனசே இல்லாமல் செய்யுங்கள்

இழக்க ஒன்றுமில்லாதவன் சாவதில் கனமில்லை. குடும்பம் போய், காதல் போய், வெறுத்துப்போய்த் திரிகிற நாயகன் கடைசியில் குண்டின் மேல் விழுந்தால், பாவம், விடுதலை கிடைத்தது என்றுதான் தோன்றும். புதிதாக எழுதுபவர்கள் இங்கேதான் அதிகம் தடுக்கி விழுகிறார்கள். சோகத்தைக் கூட்டுவதாக நினைத்து நாயகனிடமிருந்து எல்லாவற்றையும் பிடுங்கிவிடுவோம். செய்ய வேண்டியது நேர்மாறு, அவனுக்கு அள்ளிக் கொடுக்க வேண்டும்.

'அவெஞ்சர்ஸ்: எண்ட்கேம்' (2019) அயர்ன் மேனான டோனி ஸ்டார்க்குக்கு என்ன செய்தது என்று பாருங்கள். பிரபஞ்சத்தில் பாதி உயிர்கள் தூசியாகிப் போன ஐந்து ஆண்டில் அவனுக்கு மட்டும் எல்லாம் கூடிவருகிறது. ஏரிக்கரையில் வீடு, காதலி பெப்பரோடு கல்யாணம், மோர்கன் என்றொரு மகள். பழைய கூட்டாளிகள் காலத்தில் பின்னோக்கிப் போகும் திட்டத்தோடு வந்து நிற்கும்போது முதலில் மறுத்துவிடுகிறான். பிறகு ஒப்புக்கொள்ளும்போதும் நிபந்தனை போடுகிறான்: இழந்ததை மீட்போம், ஆனால் எனக்குக் கிடைத்ததை விடமாட்டேன், முடிந்தால் சாகாமலும் இருப்போம். கடைசியில் அந்தப் பட்டியலில் ஒன்றே ஒன்றுதான் அவனுக்கு வாய்க்காமல் போகிறது. இந்த நிபந்தனை வசனத்தை வெட்டிவிட்டுப் படத்தைப் பார்த்தால் முடிவின் பாரம் பாதி குறைந்துவிடும்.

உங்கள் நாயகனுக்கும் நாளைக்கு என்று ஒரு வேலையை மிச்சம் வையுங்கள். ஒரு சந்திப்பு, பாதியில் நிற்கும் ஒரு சண்டை, யாருக்கோ கொடுத்த வாக்கு. 2011இன் 'கேப்டன் அமெரிக்கா' படத்தில் நாயகன் ஸ்டீவ் விமானத்தைப் பனிக்குள் இறக்கும்போது வானொலியில் காதலி பெக்கியோடு பேசுவது ஒரு நடனத்தைப் பற்றி. எந்த நாள், எத்தனை மணி, அவனுக்கு ஆடத் தெரியாது என்பது பற்றி. உலகம், கடமை, தேசம் என்று ஒரு சொல் வராது. எட்டு ஆண்டு கழித்து 'எண்ட்கேம்' அந்த நடனத்தில்தான் முடிகிறது.

படி 4: சாவிலிருந்து பின்னோக்கி விதைத்துக்கொண்டே வாருங்கள்

சாவுக் காட்சியை முதலில் எழுதி வைத்துக்கொண்டு, அதற்கு வேண்டியதையெல்லாம் முந்தைய பக்கங்களில் ஒளித்து வைப்பது என் வழக்கம். முன்னிருந்து பின்னாக எழுதினால் விதை துருத்திக்கொண்டு நிற்கிறது.

விதை மூன்று வகை என்று வைத்துக்கொள்கிறேன். முதலாவது, குணத்தைக் காட்டும் சிறு ஒத்திகை. ஸ்டீவ் இன்னும் ஒல்லிப்பிச்சானாக இருக்கும்போது பயிற்சி முகாமில் ஒரு போலிக் கையெறி குண்டை வீசுகிறார்கள். கட்டுமஸ்தான வீரர்கள் எல்லோரும் சிதறி ஓட, இவன் மட்டும் அதன் மேல் கவிழ்ந்து படுத்துக்கொள்கிறான். சக்தி வருவதற்கு முன்பே அவன் யார் என்று தெரிந்துவிட்டது.

இரண்டாவது, பொய்யாகப் போகும் ஒரு தீர்ப்பு. 2012இன் 'தி அவெஞ்சர்ஸ்' படத்தில் இதே ஸ்டீவ் டோனியின் முகத்துக்கு நேரே சொல்கிறான்: அடுத்தவன் உன் மேல் ஏறிப் போகட்டும் என்று முள்கம்பியில் படுத்துக் கொடுக்கிற ஆள் நீ இல்லை. டோனியும் விட்டுக்கொடுக்காமல், நான் கம்பியையே வெட்டிவிடுவேன் என்கிறான். அந்தப் படத்தின் முடிவிலேயே அணுகுண்டு ஏவுகணையைச் சுமந்து வான்துளைக்குள் போய் அந்தத் தீர்ப்பைப் பாதி பொய்யாக்குகிறான். ஏழு ஆண்டு கழித்து முழுக்கப் பொய்யாக்குகிறான். நாயகனைப் பற்றி யாராவது தப்பாகச் சொல்லும் ஒரு வசனம் உங்கள் கதையின் முதல் கால் பகுதிக்குள் வந்துவிட வேண்டும். அதைச் சொல்பவர் வில்லனாக இல்லாமல் நல்லவராகவே இருந்தால் வலி கூடும்.

மூன்றாவது, ஒரு பொருள். டோனியின் மார்பில் இருந்த பழைய இயந்திர இதயத்தை, அவனுக்கும் இதயம் இருக்கிறது என்பதற்கு இதுவே சாட்சி என்று பொறித்து, 2008இன் முதல் 'அயர்ன் மேன்' படத்தில் பெப்பர் கேலியாகப் பரிசளிப்பாள். பதினோரு ஆண்டு கழித்து, டோனியின் இறுதிச் சடங்கில், அதே பொருள் மலர்வளையத்தின் நடுவே ஏரியில் மிதக்கிறது. எழுத்து மாறவில்லை, கேலிதான் காணாமல் போயிருக்கிறது.

யோண்டு விஷயத்திலும் இதே வேலைதான். நீ செத்தால் நம் கூட்டத்தின் வண்ண விளக்குகள் உனக்காக எரியாது என்று படத்தின் முற்பகுதியில் ஒருவர் அவனைத் தள்ளிவைத்துப் பேசுவார். கடைசியில் அந்த விளக்குகள் எரிகின்றன. எனக்குக் கண் கலங்கியது அவன் செத்த காட்சியில் இல்லை, இங்கேதான்.

படி 5: தப்பிக்கும் கதவுகளை ஒவ்வொன்றாகச் சாத்துங்கள்

சாதாரண மனிதன் கதையில் இந்த வேலை சுலபம். சூப்பர்ஹீரோ கதையில் நரகம். பறக்கத் தெரிந்தவன், சுவரைத் துளைப்பவன், நொடியில் இடம் மாறுபவன், காலத்தையே திருப்புபவன் என்று ஒரு கூட்டமே கூடவே நிற்கும்போது ஒருவன் சாக வேண்டிய அவசியம் என்ன? பார்வையாளர் இதைத்தான் முதலில் கேட்பார். கேட்க ஆரம்பித்த கணமே அழுவதை நிறுத்தியிருப்பார்.

ஒரு தாளில் அந்த நேரத்தில் அந்த இடத்தில் இருக்கும் ஒவ்வொருவர் பெயரையும் எழுதி, பக்கத்தில் அவருடைய சக்தியை எழுதுங்கள். அந்தச் சக்தியால் ஏன் காப்பாற்ற முடியாது என்பதற்கு ஒரு வரி. எந்தப் பெயருக்கு நேரே வரி வரவில்லையோ அந்த ஆளை அங்கிருந்து கிளப்பிவிடுங்கள், இல்லாவிட்டால் காட்சியையே மாற்றுங்கள்.

'எக்ஸ்-மென் 2' (2003) இங்கே கொஞ்சம் தடுமாறிய படம். அணை உடைந்து வெள்ளம் வருகிறது, விமானம் கிளம்ப மறுக்கிறது. ஜீன் கிரே இறங்கிப் போய் மனசக்தியால் வெள்ளத்தைத் தடுத்துக்கொண்டே விமானத்தையும் தூக்கிவிடுகிறாள். நொடியில் இடம் மாறக்கூடிய நைட்கிராலர் உள்ளேதான் இருக்கிறான். அவனையும் அவள் தடுத்துவிடுகிறாள் என்று ஒரு வசனம் போட்டு அந்தக் கதவைச் சாத்தினார்கள். ஆனால் இத்தனையையும் விமானத்துக்குள் உட்கார்ந்தபடியே செய்திருக்கலாமே என்ற பெரிய கதவு திறந்தே கிடக்கிறது. ரசிகர்கள் இன்னும் அதைக் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

'மேன் ஆஃப் ஸ்டீல்' (2013) வேறு மாதிரி. சூறாவளி நெருங்குகிறது, சூப்பர்மேனான கிளார்க் நினைத்தால் கண்மூடித் திறப்பதற்குள் அப்பாவைத் தூக்கி வந்துவிடலாம். வராதே என்று ஜோனதன் கையைக் காட்டுகிறார். மகனின் ரகசியம் வெளியே வரக்கூடாதாம். கதவு பூட்டியில்லை, பூட்டியதாகப் பாவித்துக்கொள் என்கிறது படம். இதை ஏற்றுக்கொண்டு உருகியவர்கள் உண்டு. எனக்கு ஒவ்வொரு முறையும் எரிச்சல்தான் வருகிறது.

கதவுகளை ஒரே வீச்சில் சாத்தும் தந்திரமும் உண்டு. 2018இன் 'இன்ஃபினிட்டி வார்' படத்தில் டாக்டர் ஸ்ட்ரேஞ்ச் என்ற மந்திரவாதி 14,000,605 எதிர்காலங்களைப் பார்த்துவிட்டு ஒன்றில் மட்டுமே வெற்றி என்கிறார். அடுத்த படத்தின் உச்சக்கட்டப் போரில் டோனியைப் பார்த்து ஒரே ஒரு விரலை உயர்த்துகிறார். வாயைத் திறந்து விளக்கியிருந்தால் அந்தக் கணம் செத்திருக்கும். இதைக் குறுக்குவழி என்று சொல்பவர்களோடு நான் சண்டைக்குப் போகமாட்டேன்; ஆனால் ஒரு முழுப் படம் முன்னதாகவே கடனை வாங்கி வைத்ததால் அந்த விரலுக்கு மதிப்பு வந்தது. க்ளைமாக்ஸில் புதிதாக ஒரு விதியைக் கொண்டுவந்து, இதனால்தான் நீ சாக வேண்டும் என்றால் யாரும் ஒப்புக்கொள்ளமாட்டார்கள்.

சாகவே முடியாதவனைச் சாகடிப்பது இன்னொரு சிக்கல். 'லோகன்' (2017) அதற்குப் படம் முழுவதையும் செலவழித்தது. எந்தக் காயமும் நொடியில் ஆறிவிடும் வோல்வரினை, முதல் காட்சியிலிருந்தே இருமவும் நொண்டவும் வைத்தார்கள். உடம்பிலிருந்து தோட்டாக்கள் மெதுவாகத்தான் வெளியே வருகின்றன, ஒரு நகம் பாதியில் சிக்கிக்கொள்கிறது, எலும்பில் பூசிய உலோகமே அவனை விஷமாகத் தின்றுகொண்டிருக்கிறது. இரண்டு மணி நேரம் கதவுகள் ஒவ்வொன்றாகச் சாத்தப்படுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தோம். அதனால் கடைசியில் யாரும் "ஆறிவிடுமே" என்று கேட்கவில்லை.

படி 6: யாருடைய சாவு, யாருடைய கதை என்று ஒரு முறை நின்று பாருங்கள்

1994இல் ஒரு 'கிரீன் லேண்டர்ன்' காமிக்ஸ் இதழில் நாயகனின் காதலியைக் கொன்று குளிர்சாதனப் பெட்டியில் திணித்து வைத்திருந்தான் வில்லன். நாயகனுக்குக் கோபம் வரவேண்டும் என்பதைத் தவிர அந்தச் சாவுக்கு வேறு வேலை இல்லை. 1999இல் கெயில் சிமோன் என்ற வாசகி (பின்னாளில் அவரே பெரிய காமிக்ஸ் எழுத்தாளர் ஆனார்) இப்படி நாயகனின் கண்ணீருக்காக மட்டும் சிதைக்கப்பட்ட பெண் பாத்திரங்களைப் பட்டியல் போட்டார். அந்தக் குளிர்சாதனப் பெட்டி அன்றிலிருந்து ஒரு விமர்சனச் சொல்லாகவே நிலைத்துவிட்டது.

வோர்மிர் என்ற கிரகத்தின் ஒரே மலை முகட்டில் நடக்கும் இரண்டு சாவுகளை அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். ஒரு கல் வேண்டுமானால் நேசிக்கும் ஓர் உயிரைக் கொடுக்க வேண்டும் என்பது அங்கே விதி. 2018இல் வில்லன் தானோஸ் தன் வளர்ப்பு மகள் கமோராவை இழுத்து வந்து தள்ளுகிறான், கண்ணீரும் விடுகிறான். தியாகம் செய்தது தான் என்று அவன் நினைத்துக்கொள்கிறான், இசையும் அவனுக்காகவே அழுகிறது. அடுத்தவளின் உயிரை எடுத்துக் கொடுத்துவிட்டுத் தன் கணக்கில் எழுதிக்கொள்பவனின் பெயர் கொலைகாரன். 2019இல் அதே முகட்டில் அவெஞ்சர்ஸ் கூட்டாளிகளான நட்டாஷாவும் கிளின்ட்டும் யார் சாவது என்பதற்காக ஒருவரை ஒருவர் அடித்துக்கொள்கிறார்கள். சாகக்கூடாது என்பதற்காகச் சண்டை போட்டுப் பார்த்திருக்கிறோம். இங்கே சாவதற்கு உரிமை கேட்டுச் சண்டை. தேர்வு அவளுடையது, யாருக்கு என்ற கேள்விக்கும் பதில் இருக்கிறது, கிளின்ட்டின் பிள்ளைகளுக்கு. காட்சியாக இது குறையில்லாதது. ஆனால் படம் முடியும்போது டோனிக்கு ஊரே திரண்ட இறுதிச் சடங்கு, அவளுக்கு ஏரிக்கரையில் நான்கைந்து பேர் நின்று விசும்பும் சில நிமிடம். பலருக்கு அது உறுத்தியது, எனக்கும்தான். கொடுத்தவர் எல்லோருக்கும் கதை ஒரே அளவில் நன்றி சொல்கிறதா என்று உங்கள் பிரதியிலும் சரிபாருங்கள்.

சின்னப் பாத்திரங்கள், வில்லன்கள் விஷயத்திலும் இதே கவனம் தேவை. 'ஸ்பைடர்மேன் 2' (2004) படத்தில் டாக்டர் ஆக்டோபஸ், அரக்கனாகச் சாகமாட்டேன் என்று சொல்லி, தான் உருவாக்கிய உலையைத் தானே ஆற்றில் மூழ்கடித்து மூழ்குகிறார். 2021இன் 'தி சூசைட் ஸ்குவாட்' படத்தில் போல்கா-டாட் மேன் என்ற கோமாளிப் பாத்திரம், நான் சூப்பர்ஹீரோ என்று பூரிப்பாகக் கத்திய மறுகணம் நசுங்கிப் போகிறது. சிரிப்பும் திடுக்கிடலும் ஒன்றாக வரும். இரண்டு நிமிடமும் ஒரே ஒரு ஆசையும் போதும், துணைப் பாத்திரத்துக்கும் மரியாதையான சாவு எழுதலாம்.

படி 7: அந்த நிமிடத்தைச் சுருக்கமாக எழுதுங்கள்

முதல் பிரதியில் சாகும் நாயகன் ஒன்றரைப் பக்கம் பேசுவான். பேசட்டும், எழுதிவிடுங்கள். மறுநாள் அதில் ஒரே ஒரு வரியை வைத்துக்கொண்டு மீதியை அடித்துவிடுங்கள். வைத்துக்கொள்ளும் வரி, அவன் முன்பு எங்கோ சொன்னதன் திருப்பமாக இருந்தால் உத்தமம்.

க்ரூட் என்ற மரத்துக்கு 2014இன் 'கார்டியன்ஸ்' முதல் பாகத்தில் ஆங்கிலத்தில் மொத்தமே மூன்று சொல்தான் தெரியும். நான்தான் க்ரூட். படம் முழுக்க அதையே சொல்லிவிட்டு, நண்பர்களைக் கிளைகளால் கூடுகட்டி மூடும்போது அந்த 'நான்' என்பதை மட்டும் பன்மையாக மாற்றுகிறது. ஆங்கிலத்தில் அந்த இடத்தில் இருக்கும் 'வீ' (we) என்ற ஒற்றைச் சொல்லைத் தமிழில் யோசித்தால் நமக்கு இரண்டு வழி உண்டு. நாங்கள் க்ரூட் என்றால் கேட்பவர் வெளியே நிற்கிறார். நாம் க்ரூட் என்றால் எல்லோரும் கூட்டுக்குள் வந்துவிடுகிறார்கள். அந்த மரம் சொன்னது 'நாம்' என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

டோனியின் கடைசிப் பெரிய வரியும் 2008இன் முதல் படம் முடிந்த அதே வரி, நான்தான் அயர்ன் மேன். அன்று நிருபர்கள் முன் அடங்காத திமிரில் சொன்னது. இதில் எழுதுபவர்களுக்கு ஆறுதலான செய்தி ஒன்று உண்டு. முதலில் படமாக்கியபோது அந்த வரி இல்லை. படத்தொகுப்பு மேசையில் தொகுப்பாளர் ஜெஃப் ஃபோர்டு சொன்ன யோசனை அது, பிறகு தனியாக எடுத்துச் சேர்த்தார்கள். சரியான கடைசிச் சொல் பதினோராவது பிரதியில் வந்தாலும் கவலைப்படாதீர்கள். கவனிக்க வேண்டிய இன்னொன்று, வில்லன் படையை அழிக்கத் தன் உயிரை விலையாக வைத்து விரலைச் சொடுக்கிய பிறகு டோனி கிட்டத்தட்ட ஒன்றுமே பேசுவதில்லை. நண்பன் ரோடி வருகிறான், ஸ்பைடர்மேன் பீட்டர் வருகிறான், பெப்பர் வருகிறாள். பேசுவதெல்லாம் அவர்கள்தான். நாங்கள் பார்த்துக்கொள்கிறோம், நீ ஓய்வெடு என்று பெப்பர் விடைகொடுக்கிறாள். வாங்கிக்கொள்பவர் கையெழுத்துப் போட்ட பிறகுதான் அவன் கண் நிலைகுத்துகிறது.

கடைசி வார்த்தையைத் தள்ளிப்போடுவதும் வேலை செய்யும். 'வொண்டர் வுமன்' (2017) படத்தில் விஷவாயு ஏற்றிய விமானத்தை வானில் வைத்து வெடிக்கச் செய்யப் போகும் ஸ்டீவ் ட்ரெவர், கிளம்பும் முன் நாயகி டயானாவிடம் ஏதோ சொல்கிறான். வெடிச்சத்தத்தில் காது அடைத்துப்போன அவளுக்கு அது கேட்கவில்லை, நமக்கும்தான். அவன் செத்த பிறகு, அவள் உடைந்து நிற்கும்போதுதான் அந்தச் சொற்கள் வந்து சேர்கின்றன. கூடவே அவன் கொடுத்துவிட்டுப் போன கைக்கடிகாரமும். ஒரே வசனத்தை இரண்டு இடத்தில் வைத்து, முதல் இடத்தில் ஒலியை மட்டும் உருவிவிட்டார்கள்.

மழை, மெதுவான ஓட்டம், வானத்தைப் பார்த்து அலறுவது. இந்த மூன்றையும் முதலில் அடித்துவிட்டு எழுதத் தொடங்குங்கள். உண்மையிலேயே வேண்டுமென்றால் அவை தானாகத் திரும்பி வரும்.

படி 8: "அப்புறம்?"

சாவுக்குப் பின் எத்தனை பக்கம் ஒதுக்கியிருக்கிறீர்கள்? அரைப் பக்கம் என்றால் மேலே சொன்ன அத்தனை உழைப்பும் வீண். என் நண்பன் கேட்டது இதைத்தான்.

அவசரப்பட்டால் என்ன ஆகும் என்பதற்கு உதாரணமாக 'தி அவெஞ்சர்ஸ்' படத்தின் கோல்சன் என்ற உளவு அதிகாரியைச் சொல்லலாம், கொஞ்சம் விசித்திரமான உதாரணம். வில்லன் லோகி அவரைக் கொன்ற பிறகு, கேப்டன் அமெரிக்கா படம் போட்ட அவருடைய சேகரிப்பு அட்டைகளை இரத்தக் கறையோடு மேசையில் வீசுகிறார் அவருடைய தலைவர் ஃப்யூரி. அவை கோல்சனின் சட்டைப்பையில் இருந்தவை என்பதே பொய் என்று அடுத்த நிமிடமே தெரிந்துவிடுகிறது. அணியை ஒன்றுசேர்க்க ஒரு சாவை எப்படி விற்பது என்று ஃப்யூரிக்குத் தெரிந்திருக்கிறது. திரைக்கதை தன் வேலையைத் தானே பார்த்து நக்கலடித்துக்கொள்ளும் இடம் அது. கோல்சன் மறு ஆண்டே தொலைக்காட்சித் தொடரில் எழுந்து வந்துவிட்டார் என்பது தனிக் கதை.

பொறுமையாகச் செய்ததற்கு 'தி டார்க் நைட்' படத்து ரேச்சலின் கடிதம். அவள் புரூஸுக்கு எழுதிவைத்த கடிதத்தில் ஹார்வி என்பவனைத் திருமணம் செய்யப்போவதாக இருக்கிறது. அவள் செத்த பிறகு, மனம் தாங்காமல் புரூஸின் வீட்டுப் பணியாளர் ஆல்ஃப்ரெட் அதைக் கொடுக்காமல் எரித்துவிடுகிறார். புரூஸ் அவள் தனக்காகக் காத்திருந்ததாகவே நம்பி முடங்கிக் கிடக்கிறான். 2012இன் அடுத்த படத்தில் ஆல்ஃப்ரெட் உண்மையைச் சொல்லும்போது இருவரின் உறவே உடைகிறது. ஒரு சாவு, ஒரு தாள், நான்கு ஆண்டு இடைவெளி. எரிந்த கடிதம் இன்னொரு படத்துக்குத் தீனி போட்டிருக்கிறது.

'பிளாக் பாந்தர்: வகாண்டா ஃபாரெவர்' (2022) இந்தப் படியை மட்டுமே முழுப் படமாக எடுத்தது எனலாம். நாயகன் சாட்விக் போஸ்மன் 2020 ஆகஸ்டில் புற்றுநோயால் உண்மையிலேயே காலமானார். வேறு நடிகரைப் போடுவதில்லை என்று முடிவெடுத்தார்கள். அவர் ஏற்ற டிசல்லா பாத்திரத்தின் சாவைத் திரையில் காட்டவே இல்லை. தங்கை ஷூரி ஆய்வகத்தில் மருந்துக்காகத் துடித்துக்கொண்டிருக்கும்போது அம்மா வந்து நிற்கிறார், அவ்வளவுதான். வெள்ளை உடையில் இறுதி ஊர்வலம், பிறகு மார்வெல் நிறுவனத்தின் அடையாளக் காட்சி ஒலியே இல்லாமல் ஓடுகிறது. துக்க உடையை எரிக்க ஷூரியால் முடியவில்லை. படம் முடியும்போதுதான் கடற்கரையில் தனியாக உட்கார்ந்து எரிக்கிறாள். இரண்டரை மணி நேரப் படத்துக்கு அந்த ஒரு துணி எரியுமா எரியாதா என்பதுதான் உண்மையான கதை. நடுவில் நடக்கும் நீருலகப் போர் எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை.

எழுதும்போது இப்படிச் செய்யுங்கள்: சாவுக்கு அடுத்த காட்சியைப் பெரிய கூட்டத்தில் வைக்காமல் ஒரு சின்ன வேலையில் வையுங்கள். வாங்கிக்கொண்டவர் முதன்முதலாகத் தன் கையால் செய்யும் வேலை. 'லோகன்' படத்தில் புதைகுழியின் மேல் நட்ட சிலுவையைச் சிறுமி லாரா பிடுங்கிச் சாய்த்து வைக்கிறாள். பெருக்கல் குறி மாதிரி நிற்கிறது, எக்ஸ்-மென்னின் எக்ஸ். அவளுக்கு வசனமே தேவைப்படவில்லை.

படி 9: திரும்பி வருவதானால் விலையைச் சொல்லிவிட்டு வரட்டும்

சூப்பர்ஹீரோ உலகில் யாரும் நிரந்தரமாகச் சாவதில்லை என்பது பழைய கிண்டல். பக்கி (கேப்டன் அமெரிக்காவின் தோழன்), ஜேசன் டாட், பென் மாமா மூவர் மட்டும் விதிவிலக்கு என்று காமிக்ஸ் வாசகர்கள் சொல்வார்கள். 1988இல் ஜேசன் டாட் என்ற ராபினை, அதாவது பேட்மேனின் இளம் துணைவனை, கொல்வதா வேண்டாமா என்று வாசகர்களிடம் தொலைபேசி வாக்கெடுப்பே நடத்தினார்கள்: கொல் என்று 5,343, வேண்டாம் என்று 5,271. எழுபத்திரண்டு ஓட்டில் ஒரு பையன் செத்தான். 2005இல் அவனும் திரும்பிவிட்டான், பக்கியும் திரும்பிவிட்டான். மிச்சம் பென் மாமா.

2016இல் சூப்பர்மேனைக் கொன்று சவப்பெட்டியில் வைத்து, அதன் மேல் மண் துகள் எழும்புவதைக் காட்டியே படத்தை முடித்தார்கள். துக்கப்பட ஒரு நாள்கூடத் தரவில்லை. லோகி மூன்று படங்களில் மூன்று முறை 'செத்திருக்கிறான்'. 2018இல் தானோஸே இந்த முறை உயிர்த்தெழுதல் கிடையாது என்று நக்கலாகச் சொல்ல வேண்டியிருந்தது.

ஆனால் 'இன்ஃபினிட்டி வார்' முடிவில் தூசியாகிப் போனவர்களில் பலருக்கு அடுத்த படம் உறுதி என்பது அரங்கில் இருந்தவர்களுக்குத் தெரியும். தெரிந்தும் பீட்டர் பார்க்கர் டோனியைக் கட்டிக்கொண்டு, எனக்குப் போக விருப்பமில்லை என்று கெஞ்சியபோது தொண்டை அடைத்தது. திரும்பி வருவான் என்ற அறிவு வேறு, அந்தப் பிள்ளையின் பயம் வேறு. சாவு நிரந்தரமா என்பதைவிட அந்த நிமிடத்துப் பயம் நிஜமா என்பதில் நேரத்தைச் செலவழியுங்கள். அதே படத்தில், விஷன் என்ற இயந்திர மனிதனைக் காதலி வாண்டாவே தன் கையால் அழிக்கிறாள். தானோஸ் காலத்தைத் திருப்பி அவனை எழுப்பி மறுபடி கொல்கிறான். உயிர்த்தெழுதலை இத்தனை குரூரமாகப் பயன்படுத்திய படம் குறைவு.

திரும்ப வரவழைத்தே ஆக வேண்டுமென்றால் ஏதாவது ஒன்று குறைந்து வரட்டும். குயிலின் காதலி கமோரா 2019இல் வந்தாள், ஆனால் 2014ஆம் ஆண்டின் கமோராவாக. குயிலை அவளுக்கு அடையாளமே தெரியாது. நம் 'எந்திரன்' (2010) சிட்டி நீதிமன்ற உத்தரவுப்படி எல்லோரிடமும் விடைபெற்றுக்கொண்டே தன்னைத் தானே ஒவ்வொரு பாகமாகக் கழற்றிக்கொள்ளும் காட்சி, நான் பார்த்த இயந்திரச் சாவுகளிலேயே நிதானமானது. அருங்காட்சியகத்தில் ஒரு சிறுமி ஏன் என்று கேட்க, சிந்திக்க ஆரம்பித்துவிட்டேன் என்று பதில் வருகிறது. 2018இல் மறுபடி பூட்டி எழுப்பினார்கள். படம் பிரம்மாண்டம்தான், கழற்றியபோது இருந்த வலிக்கு மட்டும் அங்கே இடமில்லை.

சாகாமலே கொடுக்கும் வழியையும் மறந்துவிடாதீர்கள். 2021இன் 'நோ வே ஹோம்' படத்தில் பீட்டர் பார்க்கர் உலகமே தன்னை மறந்துபோகும்படி மந்திரம் போடச் சொல்கிறான். காதலியும் நண்பனும் எதிரே நிற்க, சொல்ல வந்ததை எழுதிய தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு கடையை விட்டு வெளியேறுகிறான். இங்கே வாங்கிக்கொண்டவர்களுக்கு வாங்கியதே தெரியாது. உங்கள் நாயகனைக் கொல்லத் தயக்கமாக இருந்தால் இந்தப் பக்கம் வந்து பாருங்கள், சாவைவிடக் கடினமான காட்சிகள் இங்கேதான் கிடைக்கும்.

படி 10: பக்கங்களை உருவிவிட்டுச் சோதியுங்கள்

எழுதி முடித்த பிரதியிலிருந்து சாவுக் காட்சியை மட்டும் உருவி எடுத்துவிடுங்கள். முன்னுள்ளதையும் பின்னுள்ளதையும் கதை தெரியாத ஒருவரிடம் படிக்கக் கொடுங்கள். நடுவில் யார் இல்லாமல் போனார், யாருக்காகப் போனார் என்று இரண்டே கேள்வி கேளுங்கள். முதல் கேள்விக்கு மட்டும் சரியான பதில் வந்தால் படி 2க்கும் 8க்கும் திரும்புங்கள். இரண்டுக்குமே உதட்டைப் பிதுக்கினால் படி 4, விதை போதவில்லை. இரண்டையும் சொல்லிவிட்டு, "அந்தப் பக்கங்களைக் கொடேன்" என்று கையை நீட்டினால் கொடுத்துவிடுங்கள்.

சூரியனுக்குள் போன என் நாயகனை நான் இன்னும் முடிக்கவில்லை. இப்போதைக்கு அவனுக்கு ஒரு தங்கை இருக்கிறாள். அவனிடம் அவள் மூன்று மாதமாகப் பேசுவதில்லை. குண்டு இன்னும் வரவில்லை.